மிதவையரின் படகில் பத்து இருக்கைகள்

வெள்ளிக்கிழமை, பிற்பகல் இரண்டு மணி. பாயான் லெப்பாஸ் விமான நிலையத்தின் கதவு திறந்ததும் ஈரக்காற்று முகத்தில் வந்து ஒட்டியது. நள்ளிரவில் திருச்சியில் ஏறி, கோலாலம்பூரில் விமானம் மாறி, மேலும் ஒரு மணி நேரம் பறந்து வந்திருந்தேன். ஜார்ஜ் டவுனுக்குப் பதினாறு கிலோமீட்டர், வாடகை இருபத்தாறு வெள்ளி. இங்கே தமிழர்கள் ரிங்கிட்டை வெள்ளி என்றுதான் சொல்கிறார்கள்.

கார் ஓட்டியவர் தமிழர். கடற்கரைச் சாலைக்கு வந்ததும் பேச்சைத் தொடங்கினார்.

"இந்தியாவிலேருந்தாக்கா வரீங்க? கோயில் பாக்கவா?"

"இல்லண்ணே. ஞாயித்துக்கிழமை தெலுக் பஹாங் அணையில டிராகன் படகுப் போட்டி இருக்காமே, அதுக்கு."

"அதுல நம்ம பொம்பளைங்க டீம் ஒண்ணு ஓட்டுது, தெரியுமா?"

"அவங்க கூப்பிட்டுத்தான் வந்திருக்கேன்."

கண்ணாடியில் என்னை ஒருமுறை பார்த்துக்கொண்டார். "சொல்றேன்னு கோவிச்சுக்காதீங்க. அவங்க வருசா வருசம் கடைசியாத்தான் வருவாங்க. ஆனா ஒண்ணுலா, இன்னும் ஒடையல. மத்த டீமெல்லாம் ரெண்டு வருசத்துல சண்ட போட்டுக்கிட்டு ஆளுக்கொரு பக்கம் போயிரும்."

அந்த உடையாமைக்கு நானும் ஒரு காரணம் என்று அவரிடம் எப்படிச் சொல்வது? சொன்னால் நம்பும்படியாகவும் இருக்காது. வலப்பக்கம் பாலம் தண்ணீருக்கு மேல் நீண்டு பெருநிலத்தை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு வந்தேன்.

விஷயம் இதுதான். கட்டடங்களுக்கு வரைபடம் வரைந்து கொடுப்பது என் தொழில். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு நாவல் எழுதினேன். நிலமே இல்லாத ஒரு கடல். அதில் படகுகளைப் பிணைத்து ஊராக்கி வாழும் மிதவையர் என்றொரு மக்கள். கதை குறைவு. அந்த மக்கள் எப்படிக் கூடி உட்கார்ந்து முடிவெடுக்கிறார்கள் என்பதே பக்கத்துக்குப் பக்கம். எங்கள் குடியிருப்பில் தண்ணீர்த் தொட்டியை எங்கே வைப்பது என்று கைதூக்கி எண்ணிய ஒரு கூட்டத்துக்குப் பிறகு எழுத ஆரம்பித்தது அது. பத்து நிமிடத்தில் முடிவு வந்தது. தோற்ற ஆறு வீட்டார் அதற்குப் பிறகு எந்தக் கூட்டத்திலும் வாய் திறக்கவில்லை. 'தோற்றவர் எங்கேயும் போவதில்லை, அதே படகில் கல்லாக உட்கார்ந்திருப்பார்' என்று நாவலின் முதல் வரியை எழுதினேன்.

ஆகவே மிதவையர் கைகளை எண்ணுவதில்லை. படகில் ஏறாதவருக்குப் பேச்சு இல்லை என்பது அவர்களின் முதல் நெறி. எதிரில் இருப்பவரின் எண்ணத்தை அவரே 'ஆமாம், அதுதான்' என்று சொல்லும்படி எடுத்துச் சொன்ன பிறகே தன் எண்ணத்தைச் சொல்லலாம் என்பது இரண்டாவது. முடிவால் யாருக்கு அதிக இழப்போ அவரை நடுவில் உட்கார வைக்க வேண்டும், அவர் சம்மதித்தால்தான் முடிவு என்பது மூன்றாவது. மூன்றாவதில் ஒரு ஓட்டை உண்டு. நடுவில் இருப்பவர் கடைசிவரை சம்மதிக்காவிட்டால்? எனக்கு விடை தெரியவில்லை. நாவலில் அந்த இடத்தில் ஒரு புயலை வரவழைத்துத் தப்பித்துக்கொண்டேன்.

புத்தகம் விற்கவில்லை. 'விதிமுறைக் கையேடு மாதிரி இருக்கிறது' என்றார் பதிப்பாளர். பிறகு ஒருநாள் பினாங்கிலிருந்து வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி. 'வணக்கம் அக்கா. நான் திலகா. உங்கள் மிதவையர் போலத்தான் இரண்டு வருடமாக நாங்கள் படகு ஓட்டுகிறோம். வந்து பாருங்கள்.'

வந்துவிட்டேன்.

சனிக்கிழமை, காலை பதினொன்று. லிட்டில் இந்தியாவில் நான் தங்கியிருந்த விடுதிக்குக் கீழேயே பூக்கடை, கேசட் காலத்துப் பாட்டுக்கடை, புடவைக்கடை. சாம்பிராணிப் புகையைத் தாண்டித் தெருமுனைக்கு வந்தால் சீனர் கோயிலின் ஊதுபத்திப் புகை. அங்கிருந்து கார் பிடித்துக் கெலுகோருக்குப் போனேன்.

திலகாவின் வீடு பன்னிரண்டாவது மாடியில். கதவைத் திறந்தவளுக்கு நாற்பத்தேழு, நாற்பத்தெட்டு வயதிருக்கும். குள்ளம், அகலமான தோள். பாலத்துக்கு அப்பால் பத்து காவான் என்ற ஊரில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் தரம் பார்க்கும் வேலை. முதல் வார்த்தையே, "பசியாறிட்டீங்களாக்கா?" என்பதுதான். காலை உணவுக்கு இவ்வளவு அழகான சொல்லை நாம் ஏன் விட்டுவிட்டோம் என்று தோன்றியது.

உள்ளே இன்னும் இருவர் இருந்தார்கள். ஒருத்தி வள்ளியம்மை, படகில் முரசு அடிப்பவள். ஜார்ஜ் டவுனில் வழக்கறிஞர். செட்டிநாட்டிலிருந்து வட்டிக்கடை வைக்க வந்த குடும்பத்தின் நான்காம் தலைமுறை. மெலிந்த உடம்பு, கூரான நாக்கு. மற்றவள் யோகேஸ்வரி, எல்லோருக்கும் யோகேஸ். இருபத்தாறு வயது, உடற்பயிற்சிக் கூடத்தில் பயிற்றுநர். சும்மா உட்கார்ந்திருக்கும்போதும் ஒரு முழங்கால் ஆடிக்கொண்டே இருந்தது.

மீன் குழம்பும் மிளகாய்ச் சம்பாலும் பரிமாறிக்கொண்டே படகைப் பற்றி விளக்கினார்கள். சிறிய டிராகன் படகு. இரண்டிரண்டு பேராக ஐந்து பலகையில் பத்துப் பேர் துடுப்புப் போடுவார்கள். முன்னால் முரசு, பின்னால் சுக்கான். முதல் பலகையில் வலப்பக்கம் இருப்பவளின் கையைப் பார்த்துத்தான் பின்னால் அத்தனை கைகளும் விழும். எட்டு வருடம் முன்பு இந்தக் குழுவைத் தொடங்கிய நாளிலிருந்து அந்த இடம் திலகாவுடையது.

"ஒங்க மூணாவது சட்டம் இருக்கே, அத மாத்திட்டோம்" என்றாள் திலகா, குழம்புக் கரண்டியை வைத்துக்கொண்டு.

எனக்குச் சுருக்கென்றது. "ஏன்?"

"வேலைக்கு ஆகலக்கா. போன வருசம் பயிற்சி நேரத்த மாத்துனோம். ராணிக்கு நைட் ஷிப்ட், அவளுக்கு அது ஒத்து வரல. நடுவுல உக்கார வச்சோம். மூணு வாரம் உக்காந்தா, சம்மதிக்கல. மூணு வாரமும் படகு தண்ணியில எறங்கல. ஒரே சுசா, தொல்லைதான்."

வள்ளி தொடர்ந்தாள். "நான்தான் சொன்னேன். வலிக்கிறவகிட்ட போயி 'வலிக்கலன்னு சொல்லு'ன்னு கேக்கறது என்ன நியாயம்? ஒங்க புத்தகத்துல சம்மதம்னு பேரு, ஆனா அது கழுத்துல கத்தி வைக்கிறதுதான். அவ சம்மதிக்க வேணாம். அதுக்குப் பதிலா அவ எங்க எல்லாரு மேலயும் ஒரு சுமைய வைக்கலாம். படகுக்கு ஆகுறதா இருக்கணும், தண்டனையா இருக்கக் கூடாது. வச்சா நாங்க சுமந்தே ஆகணும்."

"ராணி என்ன சுமை வச்சா?"

"மாசத்துல ஒரு தடவ, அவ ஷிப்ட் முடிஞ்சு வர நேரத்துக்கு, விடியக் காலையில எல்லாரும் வரணும்னு சொன்னா" என்றாள் யோகேஸ். "நான் கொட்டாவி விட்டுக்கிட்டேதான் போறேன். ஆனா அன்னிக்கு தண்ணி கண்ணாடி மாதிரி இருக்கும்கா. எங்க நல்ல பயிற்சியெல்லாம் அந்த நாள்லதான்."

நான் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தேன். பல ஆண்டுகளாக எனக்குக் கிடைக்காத விடை. புயல் தேவைப்பட்ட இடத்தில் இவர்கள் ஒரு சுமையை வைத்துக் கடந்திருக்கிறார்கள். முதலில் பொறாமையாக இருந்தது. இரண்டாவது முறை சோறு போட்டுக்கொண்டபோது அது போய், சிரிப்பு வந்துவிட்டது.

கை கழுவும்போது ஒன்றைக் கவனித்தேன். திலகா வலது கையால் குழாயைத் திறக்கப் போய், பாதியில் இடது கைக்கு மாற்றினாள். யோகேஸும் அதைப் பார்த்தாள்.

ஞாயிற்றுக்கிழமை, காலை எட்டு மணி. ஜார்ஜ் டவுனிலிருந்து தெலுக் பஹாங் இருபது கிலோமீட்டருக்குக் கொஞ்சம் கூடுதல். பத்து ஃபெரிங்கி கடற்கரையைத் தாண்டினால் சாலை கடலை ஒட்டி வளைந்து வளைந்து போகிறது. வள்ளியின் காரில் எனக்கு இரண்டுமுறை குமட்டியது. பிறகு திடீரென்று அணை. மூன்று பக்கமும் காட்டுமலை, நடுவில் பச்சைத் தண்ணீர். கரையெங்கும் கூடாரங்கள், குழுக்களின் கொடிகள், பொரித்த வாழைப்பழ வாசனை. மலாய்க்காரர், சீனர், தமிழர் எல்லோரும் ஒரே மாதிரி கையில்லாத சட்டையில் தோளுக்கு எண்ணெய் தடவிக்கொண்டு நின்றார்கள்.

பெண்கள் சிறுபடகுப் போட்டி இருநூறு மீட்டர். அரையிறுதியில் இவர்கள் நான்காவது தடத்தில். முரசு விழுந்ததும் படகு நீரைக் கிழித்துக்கொண்டு வந்தது. பாதிவரை இரண்டாவதாக வந்தார்கள். கடைசி ஐம்பது மீட்டரில் என்னவோ ஆயிற்று. துடுப்புகள் ஒன்றாக விழுந்துகொண்டிருந்தவை சிதற ஆரம்பித்தன. பின்னால் வந்த படகு ஒன்று இவர்களைத் தாண்டிப் போனது. அடுத்தது ஒட்டிக்கொண்டு வந்து, கடைசியில் ஒரு முழம் பிந்தியது. மூன்றாவது இடம். ஒவ்வொரு அரையிறுதியிலும் மூன்று படகுகளுக்கு இறுதிப் போட்டியில் இடம் உண்டு. எட்டு வருடத்தில் முதல்முறை இவர்கள் இறுதிக்குப் போகிறார்கள்.

கரைக்கு வந்தவர்கள் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். திலகா மட்டும் படகில் உட்கார்ந்தே இருந்தாள். வலது கை மடியில் கிடந்தது.

இறுதிப் போட்டி பிற்பகல் மூன்று மணிக்கு. பன்னிரண்டரைக்குக் கூடாரத்துக்குள் பாய் விரித்து எல்லோரும் வட்டமாக உட்கார்ந்தார்கள். பதின்மூன்று பேர்: படகின் பன்னிரண்டு பேரும், பதிலாள் யோகேஸும். அவளுக்குப் படகில் நிலையான இடம் கிடையாது. யாருக்காவது முடியாதபோது அவர் இடத்தில் உட்காருவாள். இன்று கேள்வியும் அதுதான். திலகாவின் வலது தோள் வலிக்கிறது; அவள் இடத்தில் யோகேஸ் உட்காருவதா?

பாதிப் பேர் ஒருபக்கம். யோகேஸுக்குப் பலம் உண்டு, பொறுமை இல்லை. திலகாவின் தாளம் இல்லாமல் படகு தடுமாறும் என்றார்கள். மற்றவர்கள் காலையில் நடந்ததைச் சொன்னார்கள். ஒரு பெண் என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"அக்காவையே கேப்போம்லா. அவங்கதான எழுதுனவங்க."

"அக்கா துடுப்பு புடிக்கலயே" என்றாள் வள்ளி. "படகுல ஏறாதவங்களுக்குப் பேச்சு இல்ல. அவங்களே எழுதுனதுதான்."

நான் எழுந்து போய்க் கூடாரத்துக்கு வெளியே ஐஸ் பெட்டியின்மேல் உட்கார்ந்துகொண்டேன். என் சட்டம் என்னையே வெளியேற்றியதில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. எல்லாம் அங்கிருந்தே கேட்டது, தெரிந்தது.

திலகாவை நடுவில் உட்கார வைத்தார்கள். எதிரில் யோகேஸ். அவள்தான் முதலில் திலகாவின் எண்ணத்தைச் சொல்ல வேண்டும்.

"ஒரு நிமிசம்தான ஓட்டப்போறோம், வலியப் பொறுத்துக்கலாம்னு அக்கா நெனைக்கிறாங்க."

"அது இல்ல" என்றாள் திலகா.

"தான் இல்லன்னா நாங்க பயந்துருவோம்னு நெனைக்கிறாங்க."

"அதுவும் இல்ல."

யோகேஸின் முழங்கால் ஆடுவது நின்றுவிட்டது. வெளியே ஏதோ ஒரு குழுவை ஒலிபெருக்கியில் அழைத்தார்கள்.

"எட்டு வருசமா நாம கடைசியா வந்தப்பல்லாம் அக்காதான் முன்னால உக்காந்திருந்தாங்க. எல்லாரும் சிரிச்சப்ப அந்தச் சிரிப்பு மொதல்ல அவங்க மேலதான் விழுந்துச்சு. இப்ப மொத மொதலா ஜெயிக்கிற மாதிரி ஒரு நாள் வந்திருக்கு. இன்னிக்குப் போயி நான் கரையில நிக்கணுமான்னு நெனைக்கிறாங்க."

திலகா முகத்தைத் துண்டால் துடைத்தாள்.

"ஆமா" என்றாள். "அதான்."

அடுத்து அவள் முறை. யோகேஸின் பக்கத்தைச் சொல்ல வேண்டும். ஒரே மூச்சில் சொன்னாள். "எனக்குப் பின்னால இருக்கிறவங்க எல்லாரும் என் கையப் பாத்துத்தான் துடுப்பு போடுறாங்க. என் கை தளந்தா என்னோட நிக்காது, படகே தளந்துரும். காலையில அதான் ஆச்சு. இதத்தான நீ சொல்ல வந்த?"

"ஆமாக்கா. அதான்."

அதன் பிறகு பேச்சு நீளவில்லை. இரண்டு பக்கமும் இரண்டு பக்கத்தையும் உரக்கக் கேட்டாயிற்று. ஒவ்வொருவராகச் சொல்லிக்கொண்டே வந்தார்கள்: யோகேஸ் உட்காரட்டும். முதலில் திலகாவுக்காகப் பேசியவர்களும் அதையே சொன்னார்கள்.

வள்ளி கேட்டாள். "திலகா, நீ ஒத்துக்கறியா?"

"ஒத்துக்கல."

"சரி. என்ன சுமை வைக்கிற?"

திலகா நிமிர்ந்தாள். நான் பார்த்த இரண்டு நாளில் அவள் குரல் அவ்வளவு உறுதியாக ஒலித்தது அப்போதுதான்.

"மொதல் நூறு மீட்டர் என் தாளத்துல போகணும். நிதானமா, நீளமா. மத்த படகு எவ்வளவு முன்னால போனாலும் சரி, ஒருத்தரும் கைய வேகமாக்கக் கூடாது. நூறு தாண்டுன பெறகு யோகேஸ் இஷ்டம்."

யோகேஸின் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும். முதல் துடுப்பிலிருந்தே வெறியோடு அடிப்பதுதான் அவளுக்குத் தெரிந்த ஓட்டம். சமமானவர்களுக்கு நூறு மீட்டர் விட்டுக்கொடுத்துவிட்டுப் பிறகு பிடிப்பதா? சுமை வைத்தால் சுமந்தே ஆக வேண்டும்.

"சுமக்கிறேன்" என்றாள். மற்றவர்களும் சொன்னார்கள்.

மூன்று மணி. ஆறு படகுகள். இவர்களுக்கு ஓரத்தில் ஆறாவது தடம். திலகா கரையில் என் அருகே நின்றாள். கத்தப்போகிறாள் என்று நினைத்தேன். உதட்டை மூடிக்கொண்டு இடது கையால் தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தாள்.

கொடி இறங்கியது. ஐந்து படகுகள் பாய்ந்தன. ஆறாவது நடந்தது. உண்மையாகவே அப்படித்தான் இருந்தது. வள்ளியின் முரசு கோயில் மணி மாதிரி நிதானமாக விழ, துடுப்புகள் ஆழமாக இறங்கி நீளமாக இழுத்தன. ஐம்பது மீட்டரில் கடைசி. எண்பதில் முன்னால் போன படகுக்கும் இவர்களுக்கும் ஒன்றரைப் படகு நீளம். எங்களுக்குப் பின்னால் யாரோ தமிழில், "வழக்கம்போலத்தான்லா" என்று சிரித்தார்கள். யோகேஸின் கழுத்து நரம்புகள் புடைத்திருந்தது கரைக்கே தெரிந்தது. அவள் கை மட்டும் மாறவில்லை. பக்கத்தில் திலகாவின் தொடையில் விழுந்த தாளமும் அங்கே விழுந்த துடுப்பும் ஒன்றாகவே இருந்தன.

நூறாவது மீட்டர் மிதவையைத் தாண்டியதும் முரசு மாறியது.

அந்த அரை நிமிடத்தை நான் இப்போதும் கண்ணை மூடினால் பார்க்கிறேன். மற்ற படகுகளில் கைகள் கனக்கத் தொடங்கிய இடத்தில் இவர்களுக்குப் பத்துப் பேரின் பலமும் செலவழியாமல் மிச்சமிருந்தது. யோகேஸ் அடித்தாள். மற்ற ஒன்பது துடுப்புகளும் ஒரே துடுப்பாக அடித்தன. ஐந்தாவது படகு பின்னால் போனது. நான்காவது, மூன்றாவது. டிராகன் தலை தண்ணீரிலிருந்து நிமிர்ந்து எழுந்தது போலிருந்தது. எங்களுக்குப் பின்னால் சிரித்தவரே இப்போது தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தார். இருபது மீட்டர் இருக்கும்போது முதல் படகோடு சேர்ந்தார்கள். கோட்டைத் தாண்டும்போது யார் முன்னால் என்று எனக்குத் தெரியவில்லை.

திலகாவுக்குத் தெரிந்திருந்தது. தாளம் போட்ட கையை நிறுத்தி, "தலை அளவு" என்றாள். "நம்மோடது."

ஒலிபெருக்கி முதலில் மலாயிலும் பிறகு ஆங்கிலத்திலும் அதையே சொன்னது. நான் அவளைக் கட்டிப்பிடித்தேன். வலது தோள் என்பது நினைவுக்கு வந்து விட்டுவிட்டேன். படகு கரையைத் தொடும் முன்பே யோகேஸ் தண்ணீரில் குதித்து ஓடிவந்தாள். பன்னிரண்டு பேரும் சேர்ந்து திலகாவை அப்படியே தூக்கிக்கொண்டு போய் இடுப்பளவு நீரில் இறக்கினார்கள். அவள் அழுதாளா என்று யாராலும் சொல்ல முடியாது. எல்லோருமே நனைந்திருந்தார்கள்.

மாலையில் லிட்டில் இந்தியாவில் ஒரு சாப்பாட்டுக் கடையை நிறைத்தோம். பதக்கங்கள் மேசைமேல் குழம்புக் கிண்ணங்களுக்கு நடுவே கிடந்தன. கடைக்காரர் சமையற்கட்டிலிருந்து வந்து ஒவ்வொரு பதக்கத்தையும் கையில் எடுத்து எடை பார்த்தார். ராணி மட்டும் வேலைக்கு நேரமாகிவிட்டது என்று சோற்றைப் பொட்டலம் கட்டிக்கொண்டு கிளம்பினாள். பதக்கத்தைத் தொழிற்சாலைச் சட்டைக்கு மேலேயே போட்டுக்கொண்டாள். தெருமுனை வரை கைதட்டிக்கொண்டே அவளை அனுப்பினோம். வழியில் போன சுற்றுலாப் பயணிகள் ஏனென்று தெரியாமலே சேர்ந்து தட்டினார்கள்.

திங்கட்கிழமை, காலை ஒன்பது மணி. விமான நிலையத்துக்குத் திலகாவே அழைத்துப் போனாள். வலது கை கழுத்தில் கட்டிய துணித் தூளியில் கிடந்தது. கார் தானியங்கி என்பதால் ஒரு கையே போதும் என்றாள். எனக்கு அது போதும் என்று தோன்றவில்லை. பதக்கம் அவள் கழுத்தில் இருந்தது. படகின் பெயருக்குப் பன்னிரண்டு பதக்கங்கள்தான் கொடுத்தார்கள். யோகேஸ் தன்னுடையதைக் கழற்றி இவளுக்குப் போட்டுவிட்டாளாம். இவள் திருப்பிக் கொடுக்கப் போனபோது, இது நான் வைக்கிற சுமை என்றாளாம்.

கடல் இடப்பக்கம் வந்தது. என் நாவலில் மிதவையர் ஒவ்வொரு முடிவுக்குப் பிறகும் ஒரே மனதாகிவிடுவார்கள். மாற்றுக் கருத்து கடலில் உப்பு போலக் கரைந்துவிடும். எழுதும்போது அந்த இடம் எனக்கு மிகவும் பிடித்திருந்தது. ஊரில் கூட்டம் முடிந்து கதவைச் சாத்திக்கொண்ட ஆறு வீடுகளை நினைத்துக்கொண்டேன். அவர்கள் மனம் மாறியிருக்க வேண்டும் என்று நான் இத்தனை நாள் எதிர்பார்த்தேன். அவர்கள் என்ன கேட்கிறார்கள் என்று ஒருவரும் போய்க் கேட்கவில்லை, நானும்தான்.

"இப்பவாவது ஒத்துக்கறீங்களா?" என்று திலகாவைக் கேட்டேன். "நீங்க எறங்குனதுனாலதான ஜெயிச்சீங்க."

அவள் சாலையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"இல்லக்கா. நான் உக்காந்திருந்தா ஒரு படகு நீளம் முன்னால வந்திருப்போம்."

விளையாட்டுக்குச் சொல்கிறாளோ என்று முகத்தைப் பார்த்தேன். விளையாட்டே இல்லை. பதக்கம் மார்பில் மின்ன, ஒற்றைக் கையால் காரைத் திருப்பி, விமான நிலையத்துக்குள் நுழைந்தாள்.